மஹரை விட்டுக்கொடுத்தால்தான் மகன் கிடைப்பானா?

கேள்வி: தஞ்சாவூர் மாவட்டத்தில் ஒரு சிற்றூரில் என் தாய் வீட்டில் இருக்கிறேன். 2014-இல் நிக்காஹ் நடந்தது. மகனுக்கு எட்டு வயது, மகளுக்கு நான்கு. கணவர் வளைகுடாவில் வேலை பார்க்கிறார். இரண்டரை ஆண்டுகளாக ஒரு ரூபாய் அனுப்பவில்லை. சில மாதங்களுக்கு முன் வாட்ஸ்அப்பில் குரல் பதிவாக மூன்று முறை தலாக் சொல்லி அனுப்பினார். போலீசுக்குப் போவதாக என் அண்ணன் சொன்னதும், அவர் வீட்டார் பள்ளிவாசல் ஜமாஅத்துக்கு வந்து வேறு மாதிரி பேசுகிறார்கள். நானே குலா, அதாவது மனைவி கேட்டுப் பெறும் மணவிலக்கு, கேட்டதாக எழுதிக்கொடுக்க வேண்டுமாம். கணவர் எனக்குத் தர வேண்டிய மணக்கொடையான 7 பவுன் மஹரையும், மாமியாரிடம் இருக்கும் என் நகைகளையும் கேட்கக் கூடாதாம். மறுத்தால், ஏழு வயது தாண்டிய மகனை ஷரீஅத்படி அழைத்துக்கொண்டு போய்விடுவார்களாம். ஜமாஅத் பெரியவர்களும் கையெழுத்துப் போட்டுவிடு என்கிறார்கள். எனக்குச் சொந்த வருமானம் கிடையாது. நான் இப்போது அவருடைய மனைவியா, இல்லையா? என் மகனை எடுத்துக்கொள்வார்களா? எங்கே போவது?

பதில்: அஸ்ஸலாமு அலைக்கும், சகோதரி. முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். அந்தக் குலா காகிதத்தில் கையெழுத்துப் போடாதீர்கள். இன்றும் வேண்டாம், அடுத்த கூட்டத்திலும் வேண்டாம், அழுது கேட்டாலும் அதட்டிக் கேட்டாலும் வேண்டாம். குடும்ப நல வழக்குகளை நடத்தி வரும் எனக்கு, உங்கள் கடிதத்தில் வருவதைப் போன்ற பேரம் புதிதல்ல. ஒரு தாயின் பயத்தைக் காட்டி அவளுடைய பணத்தை வாங்குவதுதான் இந்த ஏற்பாடு. மஹர் ஒரு கணக்கு. குழந்தை யாரிடம் வளர்வது என்பது முற்றிலும் வேறொரு கேள்வி. ஒன்றைக் கொடுத்து மற்றதை வாங்கு என்று மார்க்கமும் சொல்லவில்லை, நாட்டின் சட்டமும் சொல்லவில்லை.

நீங்கள் இன்னும் அவருடைய மனைவிதான். ஒரே மூச்சில் சொல்லும் முத்தலாக் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 2017 ஆகஸ்ட் 22 அன்று ஷாயரா பானு வழக்கில் தீர்ப்பளித்தது. அதன்பின் வந்த 2019-ஆம் ஆண்டின் முஸ்லிம் பெண்கள் திருமண உரிமைப் பாதுகாப்புச் சட்டம், வாயால் சொன்னாலும் எழுதினாலும் கைப்பேசியில் அனுப்பினாலும் அப்படிப்பட்ட தலாக் செல்லாதது என்பதோடு நிற்காமல், அதை மூன்று ஆண்டு வரை சிறைத்தண்டனைக்கு உரிய குற்றமாகவும் ஆக்கியது. ஆக, அந்தக் குரல் பதிவால் உங்கள் திருமணம் முறியவில்லை. மாறாக, அது அவருக்கு எதிரான சாட்சியாகிவிட்டது. 'தலாக் வேண்டாம், குலா போதும்' என்று அவர் வீட்டார் திடீரென்று பேச்சை மாற்றியதற்குக் காரணம் இதுதான். நீங்கள் குலா கேட்டதாக எழுதிவிட்டால், பிரிவைக் கேட்டவர் நீங்கள் என்று ஆகிவிடும். மஹர் போகும். அந்தக் குரல் பதிவின் கனமும் குறைந்துவிடும்.

அந்தப் பதிவை அழிக்காதீர்கள். அது வந்த கைப்பேசியை விற்கவோ மாற்றவோ வேண்டாம். ஒரு பிரதியைத் தனியாகச் சேமித்துவையுங்கள். மின்னணுச் சான்றை நீதிமன்றத்தில் காட்டும்போது புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷிய அதினியத்தின் 63-ஆம் பிரிவின்படி ஒரு சான்றிதழ் இணைக்க வேண்டும். அதை உங்கள் வழக்கறிஞர் பார்த்துக்கொள்வார். மூலக் கைப்பேசி மட்டும் உங்களிடம் பத்திரமாக இருக்கட்டும்.

இனி அவர் வேறொரு வழியையும் முயலலாம். மாதத்துக்கு ஒன்றாக மூன்று தலாக் கடிதங்களைப் பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு, 'முறைப்படி சொல்லிவிட்டேன்' என்பார். அப்படிக் கடிதம் வந்தால் வாங்க மறுக்காதீர்கள். வாங்கி, ஏற்கவில்லை என்று வழக்கறிஞர் மூலம் எழுத்தில் பதில் கொடுங்கள். தலாக்குக்குத் தக்க காரணம் இருக்க வேண்டும், அதற்கு முன் இரு குடும்பத்திலிருந்தும் ஒவ்வொரு நடுவரை வைத்துச் சமரச முயற்சி நடந்திருக்க வேண்டும் என்று 2002-இல் ஷமீம் ஆரா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. திருக்குர்ஆனின் நிஸா அத்தியாயம் 35-ஆம் வசனம் சொல்வதும் அதைத்தானே. 2024 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை இன்னும் தெளிவாக்கியது: தலாக்கை மனைவி மறுத்தால், திருமணம் முறிந்துவிட்டது என்று நீதிமன்றத்தில் அறிவிக்கச் செய்ய வேண்டிய பொறுப்பு கணவனுடையது, அதுவரை திருமணம் நீடிக்கிறது. உங்கள் மாவட்டம் அந்தக் கிளையின் எல்லைக்குள்தான் வருகிறது.

அடுத்து ஜமாஅத். நம் ஊர்களில் ஜமாஅத்தின் நல்ல முகத்தை நான் அறிவேன். திருமணப் பதிவேடான நிக்காஹ் தஃப்தரைக் காப்பது, பிரிந்த குடும்பங்களை உட்காரவைத்துப் பேசுவது, ஏழைப் பெண்ணின் கல்யாணத்துக்குத் தோள் கொடுப்பது எல்லாம் பெரிய சேவை. ஆனால் ஜமாஅத் நீதிமன்றம் அல்ல. ஷரீஅத் மன்றங்களும் அவை கொடுக்கும் ஃபத்வாக்களும் சட்டப்படி யாரையும் கட்டுப்படுத்தாது என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. காஜி கொடுக்கும் தலாக் சான்றிதழ் வெறும் கருத்து மட்டுமே என்று 2017-இல் சென்னை உயர் நீதிமன்றம் சொன்னது. முன்னாள் சட்டமன்ற உறுப்பினரும் வழக்கறிஞருமான பதர் சயீத் தொடுத்த வழக்கு அது. குலாவைப் பற்றியே 2023-இல் அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. குலா கேட்பது முஸ்லிம் பெண்ணின் உரிமை, அதற்கு அவள் போக வேண்டிய இடம் குடும்ப நல நீதிமன்றம், ஜமாஅத்தைச் சேர்ந்த சிலர் கூடிச் சான்றிதழ் கொடுக்க முடியாது என்பது அதன் சாரம்.

கூட்டத்துக்கு உங்களை மீண்டும் அழைப்பார்கள். நேரில் போய் வாதாட வேண்டாம். 'நான் குலா கேட்கவில்லை. என் கணவர் இரண்டரை ஆண்டுகளாக எனக்கும் குழந்தைகளுக்கும் செலவுக்குக் கொடுக்கவில்லை. மஹரும் நகைகளும் எனக்கு வர வேண்டியவை. நீதிமன்றத்தை நாடப்போகிறேன்' என்று நான்கு வரி எழுதி, அண்ணனிடம் கொடுத்தனுப்பி, பெற்றுக்கொண்டதாகப் பிரதியில் கையெழுத்து வாங்கிவரச் சொல்லுங்கள். கையெழுத்துக் கிடைக்காவிட்டால் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். பெரியவர்கள் மார்க்கத்தைச் சொல்லிக் கண்டித்தால், மனைவிக்குக் கொடுத்ததில் ஒரு பகுதியைப் பறிப்பதற்காக அவளை நெருக்கடிக்கு உள்ளாக்காதீர்கள் என்னும் நிஸா 19-ஆம் வசனத்தின் பொருளை மரியாதையோடு அவர்களுக்கு நினைவூட்டலாம். பேச்சுக்கு இடமே கிடையாது என்று நான் சொல்லவில்லை. இருவரும் மனமொத்துப் பிரிவதற்கு முபாரஅத் என்ற வழி இருக்கிறது. மஹர், நகை, குழந்தைகளின் செலவு, சந்திப்பு எல்லாவற்றையும் எழுதி, இருவருமாகக் குடும்ப நல நீதிமன்றத்தில் மனுப்போட்டு முடிக்கலாம். ஆனால் குழந்தைகளின் ஜீவனாம்சம் குழந்தைகளின் உரிமை. அதை விட்டுக்கொடுக்கத் தாய்க்குக்கூட அதிகாரம் இல்லை. இதை மட்டும் எந்தப் பேச்சுவார்த்தையிலும் மறந்துவிடாதீர்கள்.

நீங்களாகவே பிரிய விரும்பினால் உங்களுக்குக் குலாவைவிட நல்ல வழி இருக்கிறது. 1939-ஆம் ஆண்டின் முஸ்லிம் திருமணக் கலைப்புச் சட்டம் மனைவி நீதிமன்றத்தில் விவாகரத்துக் கேட்பதற்கான காரணங்களை வரிசைப்படுத்துகிறது. நம் ஊரில் பஸ்கு என்கிறோமே, அதற்குச் சட்ட வடிவம் இதுதான். கணவன் இரண்டு ஆண்டுகள் பராமரிக்காமல் விட்டது ஒரு காரணம். மூன்று ஆண்டுகள் இல்லறக் கடமைகளைத் தக்க காரணமின்றிச் செய்யாதது இன்னொன்று. கொடுமை தனிக் காரணம். இரண்டரை ஆண்டுகள் பணம் வரவில்லை என்பதை உங்கள் வங்கிக் கணக்கு அறிக்கையும், உங்கள் தந்தையோ அண்ணனோ கட்டிய பள்ளிக் கட்டண ரசீதுகளும் சொல்லும். 'அவள்தான் சொல்லாமல் வீட்டைவிட்டுப் போனாள், அதனால்தான் அனுப்பவில்லை' என்று எதிர்த்தரப்பு வாதிடும். நீங்கள் எப்போது, ஏன் தாய் வீட்டுக்கு வந்தீர்கள் என்பதைத் தேதி வாரியாக இப்போதே ஒரு நோட்டில் எழுதிவையுங்கள். குறுக்கு விசாரணையில் பதறாமல் இருக்க அது உதவும். இந்தச் சட்டத்தின் 5-ஆம் பிரிவு இன்னொன்றையும் சொல்கிறது: இந்த வழியில் திருமணம் கலைந்தாலும் மஹர் மீதான மனைவியின் உரிமை பாதிக்கப்படாது. குலாவில் பொதுவாகக் கையைவிட்டுப் போகும் மஹர் இங்கே உங்களோடு நிற்கிறது. தீர்ப்புக்குப் பின் இத்தா என்னும் காத்திருப்புக் காலம், அதன்பின் உங்கள் வாழ்க்கை உங்கள் கையில்.

இனி உங்கள் தூக்கத்தைக் கெடுக்கும் கேள்விக்கு வருகிறேன். ஹனஃபி மத்ஹபின்படி, அதாவது அந்தச் சட்ட மரபின்படி, மகனுக்கு ஏழு வயது வரை, மகளுக்குப் பருவமடையும் வரை, வளர்க்கும் உரிமையான ஹிழானத் தாய்க்கு. தந்தை வலி, அதாவது சட்டப் பாதுகாவலர். உங்கள் மாமியார் வீட்டார் சொல்லும் ஏழு வயது இங்கிருந்து வருகிறது. ஆனால் அது பிறந்தநாளன்று வந்து பையனைத் தூக்கிக்கொண்டு போகக் கொடுத்த அனுமதிச் சீட்டு அல்ல. மத்ஹபுகளே இதில் ஒன்றுபடவில்லை. விவரம் தெரிந்த வயதில் பிள்ளையையே தேர்ந்தெடுக்க விடுவது ஷாஃபி மரபு. உமர் (ரலி) தம் மகன் ஆஸிமைத் தம்மிடம் வைத்துக்கொள்ள முயன்றபோது, சிறுவனை அவனுடைய பாட்டியிடமே விடுங்கள் என்று கலீஃபா அபூபக்ர் (ரலி) தீர்ப்பளித்ததும், உமர் (ரலி) மறுபேச்சின்றி ஏற்றதும் நம் வரலாறு. குழந்தைக்கு எது நல்லது என்பதை நம் முன்னோர் பார்த்தார்கள். இன்றைய நீதிமன்றமும் அதையே பார்க்கிறது.

நீதிமன்றம் பின்பற்றுவது 1890-ஆம் ஆண்டின் பாதுகாவலர் மற்றும் காப்புக்குரியோர் சட்டத்தை. அதன் 17-ஆம் பிரிவு, குழந்தையின் வயது, பால், மதம், பாதுகாவலராக வருபவரின் குணமும் தகுதியும் ஆகியவற்றைப் பார்க்கச் சொல்கிறது. விவரமாகப் பேசும் வயதென்றால் குழந்தையின் விருப்பத்தையும் கேட்கலாம். முஸ்லிம் தனிச்சட்டத்தையும் கணக்கில் எடுப்பார்கள், ஆனால் கடைசியில் தராசில் நிற்பது குழந்தையின் நலன். 2010-இல் அத்தர் உசேன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை ஒரு முஸ்லிம் குடும்பத்தின் விஷயத்திலேயே விளக்கியது. தாய் இறந்த பிறகு தந்தை மறுமணம் செய்துகொண்டார். பிள்ளைகள் தாய்வழி உறவினரிடம் இருந்தார்கள். பாதுகாவலர் என்ற தகுதி வேறு, பிள்ளைகள் யாரிடம் வளர்வது என்பது வேறு என்று சொன்ன நீதிமன்றம், இடைக்காலத்தில் அவர்கள் தாய்வழி உறவினரிடமே இருக்கட்டும் என்றது.

உங்கள் வழக்கில் நீதிபதி என்ன கேட்பார் என்று யோசித்துப் பாருங்கள். தந்தை வெளிநாட்டில் இருக்கிறார். பையனை அழைத்துப் போனால் வளர்க்கப்போவது யார்? வயதான பாட்டி. இரண்டரை ஆண்டுகள் பள்ளிக் கட்டணம்கூட அனுப்பாதவர் இப்போது திடீரென்று மகனைக் கேட்பது ஏன்? நான்கு வயதுத் தங்கையிடமிருந்து அண்ணனை ஏன் பிரிக்க வேண்டும்? உடன்பிறந்தவர்களைப் பிரிக்க நீதிமன்றங்கள் எளிதில் சம்மதிப்பதில்லை. பையன் படிக்கும் பள்ளி, மதரஸா, நண்பர்கள், காய்ச்சல் வந்தால் அழைத்துப் போகும் மருத்துவர் எல்லாம் உங்கள் ஊரில் இருக்கின்றன. இவற்றுக்கு எதிரே 'ஏழு வயது ஆகிவிட்டது' என்ற ஒற்றை வரி தனியாக நின்று வெல்வது கடினம். முடிவை நான் உறுதியாகச் சொல்ல முடியாது. எந்த வழக்கறிஞரும் சொல்லக் கூடாது. ஆனால் நீங்கள் அஞ்சும் அளவுக்கு உங்கள் நிலை பலவீனமானது அல்ல.

வருமானம் இல்லை என்பதால் குழந்தை போய்விடும் என்று நினைக்க வேண்டாம். பணம் உள்ளவர் பணம் தரட்டும், வளர்க்கிறவர் வளர்க்கட்டும். ஜீவனாம்சம் என்ற ஏற்பாடே அதற்காகத்தான்.

தீர்ப்பு வரும் வரை காத்திருக்கவும் வேண்டாம். குழந்தைகள் வழக்கமாக வசிக்கும் ஊருக்கு உரிய நீதிமன்றத்தில்தான் காவல் மனு, அதாவது பிள்ளைகள் உங்களிடம் வளர வேண்டும் என்று கேட்கும் மனு, போட வேண்டும். அது உங்கள் மாவட்டம். அந்த மனுவோடு, இரு பிள்ளைகளும் உங்களிடமே இருக்க வேண்டும், நீதிமன்றத்தின் எல்லையைத் தாண்டி அழைத்துப் போகக் கூடாது என்று ஓர் இடைக்கால மனுவும் போடச் சொல்லுங்கள். உத்தரவு கிடைத்ததும் பிரதியைப் பள்ளித் தலைமையாசிரியரிடம் கொடுத்து, நீங்களோ நீங்கள் எழுதிக்கொடுத்தவரோ அல்லாமல் வேறு யாரிடமும் பையனை அனுப்ப வேண்டாம் என்று கேட்டுக்கொள்ளுங்கள். அதற்கு முன்பே யாராவது தூக்கிக்கொண்டு போய்விட்டால் அன்றே காவல் நிலையத்தில் புகார் கொடுங்கள். தேவைப்பட்டால் மதுரைக் கிளையில் ஆட்கொணர்வு மனுவும் போடலாம்.

இன்னொரு பக்கத்தையும் நான் சொல்லியாக வேண்டும், உங்களுக்குக் கசந்தாலும். அவர் விடுமுறைக்கு வந்து பிள்ளைகளைப் பார்க்க விரும்பினால் தடுக்காதீர்கள். வாரத்தில் குறித்த நேரத்தில் காணொளி அழைப்பில் பேசவிடுங்கள். குழந்தைக்கு இரு பெற்றோரின் அன்பும் உரிமை, காவல் கிடைக்காத பெற்றோருக்கும் சந்திப்பும் அழைப்பில் பேசும் வாய்ப்பும் வேண்டும் என்று 2020-இல் யஷிதா சாகு வழக்கில் உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியது. தந்தையிடமிருந்து பிள்ளையை முறித்து வைக்கும் தாயை நீதிபதி சந்தேகத்தோடு பார்ப்பார். நீதிபதி பையனைத் தம் அறைக்கு அழைத்துத் தனியாகப் பேசக்கூடும். 'அத்தாவைப் பிடிக்காது என்று சொல்' என்று சொல்லிக்கொடுத்து அனுப்பாதீர்கள். எட்டு வயதுப் பிள்ளைக்கு அந்தப் பாரம் தாங்காது. சொல்லிக்கொடுத்த சொற்கள் நீதிபதிக்கும் எளிதில் புரிந்துவிடும்.

ஜீவனாம்ச மனுவை இந்த வாரமே தயார் செய்யுங்கள். பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144-ஆம் பிரிவு, அதாவது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125, மதம் பாராமல் எல்லா மனைவிக்கும் குழந்தைக்கும் பொருந்தும். விவாகரத்தான முஸ்லிம் பெண்ணும் இதில் கேட்கலாம் என்று 2024 ஜூலை 10 அன்று உச்ச நீதிமன்றம் உறுதி செய்திருக்கிறது. எனவே நாளை உங்கள் நிலை மாறினாலும் இந்த வழி மூடாது. இடைக்கால ஜீவனாம்ச மனுவை, நோட்டீஸ் சேர்ந்த 60 நாளுக்குள் கூடியவரை முடிக்க வேண்டும் என்கிறது சட்டம். நடைமுறையில் தாமதமாகும். ஆனாலும் 2020-இல் ரஜ்னீஷ் வழக்கில் வந்த தீர்ப்பின்படி மனுப்போட்ட தேதியிலிருந்து தொகை கணக்காகும். அதனால்தான் அவசரப்படுத்துகிறேன், நீங்கள் தள்ளிப்போடும் ஒவ்வொரு மாதமும் பிள்ளைகளின் பணம். அந்த வழக்கின்படி இருவரும் வருமானம், சொத்து பற்றிப் பிரமாணப் பத்திரம் கொடுக்க வேண்டும். அவருடைய வேலை, சம்பளம், ஊரில் அவர் பெயரில் உள்ள மனை, வங்கிக் கணக்கு பற்றித் தெரிந்ததையெல்லாம் திரட்டுங்கள். வெளிநாட்டில் இருப்பவரிடம் வசூலிப்பது சிரமம். இங்குள்ள சொத்தை ஜப்தி செய்வது அதைவிட எளிது.

போலீஸ் புகார் பற்றி அண்ணன் கேட்கிறார். முத்தலாக் புகாரை நீங்களோ உங்கள் இரத்த உறவினர்களோ திருமண வழி உறவினர்களோ கொடுக்கலாம். உங்கள் தரப்பைக் கேட்காமல் அவருக்கு ஜாமீன் கிடைக்காது. நீங்கள் விரும்பினால் நீதித்துறை நடுவரின் அனுமதியோடு சமரசமும் செய்துகொள்ளலாம். அதே சட்டத்தில் உங்களுக்கும் குழந்தைகளுக்கும் பிழைப்புத் தொகை கேட்கவும், மைனர் குழந்தைகளின் காவலைக் கேட்கவும் வழி இருக்கிறது. புகார் கொடுப்பது உங்கள் உரிமை. கொடுக்க வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன். என் கருத்து இதுதான்: மனிதரைச் சிறைக்கு அனுப்பினால் கட்டணம் கட்டப் பணம் வராது. ஆகவே முதல் அடி ஜீவனாம்சமும் காவலும். புகாரை, அண்ணனின் கோபம் தணிந்த பிறகு, நீங்களே யோசித்து முடிவெடுங்கள். அதைப் பேரத்துக்கு மட்டும் பயன்படுத்தாதீர்கள். இப்போது அவர்கள் உங்கள் மகனை வைத்துச் செய்வதும் பேரம்தானே.

நீதிமன்றத்தில் முதல் வாய்தாக்களிலேயே ஆலோசகரிடமோ சமரச மையத்துக்கோ அனுப்புவார்கள். சமரசத்துக்கு முயலும் கடமையைக் குடும்ப நல நீதிமன்றத்துக்குச் சட்டமே கொடுத்திருக்கிறது. அங்கே மனம்திறந்து பேசுங்கள், ஆனால் எழுதிய எதையும் வீட்டுக்குக் கொண்டுவந்து, வழக்கறிஞரிடம் காட்டிய பிறகே கையெழுத்துப் போடுங்கள். கணவர் பவர் ஏஜென்ட் மூலமாகவும் காணொளி மூலமாகவும் வழக்கை நடத்தக்கூடும். விவாகரத்தும் காவலும் சில மாதங்களில் முடியும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். இடைக்கால உத்தரவுகளை நான் இவ்வளவு வலியுறுத்துவது அதனால்தான்.

வழக்கறிஞருக்குக் கொடுக்கப் பணமில்லை என்பது தடையாக வேண்டாம். சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின்படி பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பே இல்லாமல் இலவச வழக்கறிஞர் உண்டு. உங்கள் வட்டத்து நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் குழுவுக்குப் போங்கள், அல்லது 15100 என்ற எண்ணில் பேசுங்கள். போகும்போது நிக்காஹ் தஃப்தரின் நகல், பதிவு செய்திருந்தால் திருமணப் பதிவுச் சான்று, பிள்ளைகளின் பிறப்புச் சான்று, ஆதார், பள்ளி ரசீதுகள், வங்கி அறிக்கை, கல்யாணத்தில் போட்ட நகைகளின் பில், அவை தெரியும் புகைப்படங்கள், குரல் பதிவு உள்ள கைப்பேசி எல்லாம் கையில் இருக்கட்டும். ஜமாஅத் தஃப்தர் நகலைத் தர மறுத்தால் கவலைப்படாதீர்கள். நீதிமன்றமே அந்தப் பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்ல முடியும்.